வெண்டலின் கொலை செய்யாத படம்

முப்பது வருஷமாகத் தொலைக்காட்சியில் கொலை செய்து பிழைத்தவன் வெண்டலின் ஹார்ட்கோஃப். மாமியாருக்கு விஷம் வைத்திருக்கிறான், கூட்டாளியை ரைன் ஆற்றில் தள்ளியிருக்கிறான், ஒரு தடவை பாதிரியார் வேஷத்தில் வந்து கோயில் பாடகர்களைத் தீர்த்துக் கட்டியிருக்கிறான். தப்பு அவன் பேரில் இல்லை. வாய்த்த முகம் அப்படி. ஒடுங்கிய கன்னம், உள்ளே போன கண், சிரித்தால்கூட எதையோ மறைக்கிற மாதிரி ஒரு வாய். ஞாயிற்றுக்கிழமை எட்டேகாலுக்குத் துப்பறியும் படம் போட்டால் ஜெர்மனி நாடே சோபாவில் உட்கார்ந்துவிடும். அதில் இவன் கதவைத் திறந்து எட்டிப் பார்த்தால் போதும், கீல் துறைமுகத்திலிருந்து முனிக் வரைக்கும் "இவன்தான்டா" என்று விரல் நீட்டிவிடுவார்கள்.

நடிப்பு வேறு, ஆள் வேறு என்று இந்த ஜனங்களுக்குத் தெரியாதா? நன்றாகத் தெரியும். தெரிந்தேதான் செய்கிறார்கள், அதுதான் வயிற்றெரிச்சல்! ரொட்டிக் கடைக்காரி இவன் தலையைக் கண்டதும் கத்தியை ஒளித்து வைக்கிற மாதிரி பாவனை காட்டுவாள். மச்சினன் மாரடைப்பில் போய்ச் சேர்ந்தபோது, கல்லறையில் கண் கலங்கி நின்றவன் காதோரம் ஒரு தூரத்து உறவுக்காரர் வந்து, "அன்னைக்குச் சாயங்காலம் நீங்க எங்க இருந்தீங்க?" என்று கேட்டார். சுற்றி இருந்தவர்கள் சிரிப்பை அடக்கப் பட்ட பாடு இருக்கிறதே! எழவு நடக்கிற இடம் என்கிற எண்ணம்கூட இல்லை.

அப்படிப்பட்டவனைத் தேடித்தான் டோர்பென் என்ற இளம் இயக்குநர் வந்தான். "வெண்டலின், படம் பூரா எல்லாரும் உங்களைத்தான் சந்தேகப்படணும். ஆனா உங்க அண்ணனைக் கொன்னது உங்க அண்ணி. உங்க மேல ஒரு தப்பும் இல்ல" என்றான். வெண்டலினுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. இந்த ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, ஊரறிய நிரபராதி ஆகிவிடலாம்!

வீட்டில் மனைவி ரோஸ்விதா உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டே இன்ஸ்பெக்டர் வசனத்தைச் சொல்ல, அவன் பதில் சொல்லிப் பழகினான். கடைசிக் காட்சியில் இன்ஸ்பெக்டரம்மா சொல்லுவாள்: "உங்க அண்ணனை நீங்க கொல்லல. நாங்கதான் தப்புப் பண்ணிட்டோம். மன்னிச்சிடுங்க." அவன் ஒரு வார்த்தை பேசாமல் மேஜையில் தலையைக் கவிழ்த்து அழ வேண்டும். படப்பிடிப்பில் ஒரே டேக்கில் முடித்தான். விளக்குப் பிடித்தவர் மூக்கைச் சிந்தினார். அழுதது அண்ணனுக்காக மட்டும் இல்லை, முப்பது வருஷத்துக்கும் சேர்த்துத்தான்.

படம் ஒளிபரப்பான ஞாயிறு, கொலோன் நகரத்தில் அவன் குடியிருக்கும் நிப்பஸ் பேட்டையில், யுப் நடத்துகிற பியர்க் கடைக்கு மனைவியையும் கூட்டிக்கொண்டு போனான். அங்கே ஒரு பழக்கம் உண்டு. படம் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில், கொலைகாரன் யாரென்று ஆளாளுக்குக் கோப்பைக்கு அடியில் வைக்கிற அட்டையில் எழுதி ஒரு சூப்புப் பானைக்குள் போடுவார்கள். தான் நடித்த படம் ஓடுகிற நாளில் வெண்டலின் அந்தப் பக்கமே தலைகாட்ட மாட்டான். இன்றைக்கு இஸ்திரி போட்ட சட்டையோடு முன்வரிசையில் போய் உட்கார்ந்தான்.

"வாய்யா கொலைகாரா! இன்னைக்கு யாரை முடிச்சிட்டு வர்றே?" என்றான் யுப்.

"சிரிச்சுக்கோ. படம் முடிஞ்சதும் இங்க இருக்கிற அத்தனை பேரும் என்கிட்ட மன்னிப்புக் கேக்கப் போறீங்க."

"வக்கீல் பலமா வெச்சிருக்காருபோல!" என்றான் கூரை வேய்கிற ஹைனர். கடையே கொல்லென்று சிரித்தது.

திரையில் வெண்டலினின் முகம் வந்ததும் அட்டைகள் பானைக்குள் விழுந்தன. போடுங்கடா, நல்லாப் போடுங்க என்று அவன் மனசுக்குள் சொல்லிக்கொண்டு உருளைக்கிழங்கு அடையை ஆப்பிள் கூழில் தொட்டுத் தின்றான்.

கடைசிக் காட்சி வந்தது. இன்ஸ்பெக்டரம்மா எதிரே உட்கார்ந்திருக்கிறாள், ஆனால் வாயைத் திறக்கவில்லை. மன்னிப்பு எங்கே? அண்ணி எங்கே? அவள் குற்றத்தை ஒத்துக்கொண்ட காட்சி எங்கே? ஒன்றையும் காணோம். நேராக வெண்டலின் மேஜையில் தலையைக் கவிழ்த்து அழுகிறான். அப்புறம் இரண்டு கை மட்டும் தெரிகிறது. அதில் விலங்கு மாட்டுகிறார்கள். படம் முடிந்தது.

"அது என் கை இல்ல!" வெண்டலின் எழுந்துவிட்டான். "ரோமத்தைப் பாருங்கய்யா! என் கையில அவ்வளவு ரோமமா இருக்கு?"

யார் கேட்டார்கள்? கடை முழுக்கக் கைதட்டல். "அழுதீங்க பாருங்க, அடடா! செஞ்ச பாவம் முகத்துல அப்படியே தெரிஞ்சுது" என்று ஹைனர் முதுகில் தட்டினான்.

வெண்டலின் அங்கேயே நின்று டோர்பெனுக்குப் போன் போட்டான். அந்தப் பக்கம் பாட்டுச் சத்தம், கொண்டாட்டம்.

"வெண்டலின்! பிரமாதம்! எல்லாரும் உங்களைப் பத்தித்தான் பேசுறாங்க!"

"அண்ணி எங்கடா?"

"அது... முன்னாடியே கொஞ்சம் பேருக்குப் படத்தைப் போட்டுக் காட்டினோம். உங்களைப் பாத்ததுமே நீங்கதான்னு முடிவு பண்ணிட்டாங்க. கடைசியில இல்லன்னு தெரிஞ்சதும் அவங்களுக்குக் கோபம் வந்துடுச்சு. ஏமாத்திட்டீங்கன்னு சொல்றாங்க. நாங்க என்ன பண்றது?"

"அதுக்காக என் அழுகையை எடுத்து எனக்கே விலங்கு போடுவியா?"

"அந்த அழுகை அவ்வளவு நல்லா இருந்துச்சு, விட மனசு வரல" என்றான் டோர்பென். பாராட்டுகிறானாம்! மானங்கெட்ட பயல். ஒருத்தன் முப்பது வருஷம் சேர்த்து வைத்து அழுத அழுகையைத் திருடிக்கொண்டு போய் அவன் தலையிலேயே பழியைப் போட்டுவிட்டு, நல்லா இருந்துச்சாம்.

வெண்டலின் போனை வைத்தான். "டிவியை அணை, யுப். நிஜமா எடுத்த படத்தை நான் காட்டுறேன். ரோஸ்விதா, எந்திரி. நீதான் இன்ஸ்பெக்டர்."

நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். ரோஸ்விதா கூச்சத்தோடு எதிரே நின்று, சமையலறையில் பழகிய வசனத்தைச் சொன்னாள்: "உங்க அண்ணனை நீங்க கொல்லல. நாங்கதான் தப்புப் பண்ணிட்டோம். மன்னிச்சிடுங்க."

வெண்டலின் அழுதான். இந்த முறை நடிக்கவே தேவை இருக்கவில்லை. யுப் கையில் இருந்த துணியைக் கீழே வைத்தான்.

வெண்டலின் தலை நிமிர்ந்து, "இப்ப சொல்லுங்க" என்றான்.

ஹைனர் தொண்டையைச் செருமினான். "நல்லாத்தான் இருந்துச்சு, அண்ணே. ஆனா பொய் சொல்லக் கூடாது. நீங்க அழுது தப்பிச்சிட்ட மாதிரிதான் எனக்குத் தோணுது."

"ஆமாமா" என்றது கடை. "அந்த இன்ஸ்பெக்டரம்மா சுத்த ஏமாளி."

வெண்டலின் மனைவி பக்கம் திரும்பினான். "நீயாவது சொல்லு. கதையை முழுசாப் படிச்சவ நீ. என்கூட வசனம் சொல்லிப் பழகினவ நீ."

ரோஸ்விதா கழுத்துத் துணியின் நுனியைத் திருகினாள். "படிச்சேன்தான். கொன்னது அண்ணின்னு எனக்குத் தெரியும்தான்..."

"தெரிஞ்சு?"

"திரையில உன் முகத்தைப் பாத்ததும் எல்லாம் மறந்துபோச்சு, வெண்டலின். நானும் உன் பேரைத்தான் எழுதிப் போட்டேன்."

அவன் மெதுவாக எழுந்தான். குரல் எங்கோ அடியிலிருந்து வந்தது. "முப்பது வருஷமா உனக்குக் காலையில காப்பி போட்டுத் தர்றது யாரு, ரோஸ்விதா?"

ஹைனர் மேஜையில் ஓங்கித் தட்டினான். "அந்தக் குரலைக் கேட்டீங்களா! இதுக்குத்தான்யா இந்த மனுஷனைக் கூப்பிடுறாங்க!" கடையே எழுந்து நின்று கைதட்டியது. யுப் ஓடிவந்து, ரோஸ்விதாவின் முன்னால் இருந்த பியர்க் கோப்பையை எட்டி எடுத்து, மோந்து பார்த்துவிட்டுத் தள்ளி வைத்தான்.

கட்டின மனைவிதான், நல்லவள்தான். அவளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது.