அம்மா வேஷமும் கிழிந்த கோட்டும்

நடிகை என்று சொல்லித்தான் அவளை அந்த ஸ்டூடியோவில் சேர்த்துக்கொண்டார்கள். தைக்கவும் தெரியும் என்று வாய் தவறிச் சொல்லித் தொலைத்தாள். அவ்வளவுதான், அன்றிலிருந்து துணிக்காரி ஆகிவிட்டாள். ஐந்து படத்தில் நடித்தாயிற்று, ஐந்திலும் முதுகுதான். முகம் தெரிகிற காட்சி வந்தால் போதும், யாருக்காவது கொக்கி அறுந்துவிடும், ஊசியோடு ஓட வேண்டியதுதான்.

வீட்டில் அக்காவுக்குப் பிறந்ததிலிருந்தே காது கேட்காது. உதடு அசைவதைப் பார்த்தே தெருவம்பு முழுக்கத் தெரிந்துகொள்வாள். ஒவ்வொரு படத்துக்கும் முதல் ஆளாகப் போய் உட்காருவாள். திரும்பி வந்து, உன்னை எங்கேடி காணோம் என்று கையாலேயே கேட்பாள். இதற்குப் பதில் சொல்லிச் சொல்லி இவளுக்கு அலுத்துப்போயிற்று.

ஒருவழியாக அம்மா வேஷம் கிடைத்தது. போருக்குக் கிளம்பும் மகனைக் கட்டிப்பிடித்து அழ வேண்டும். அவன் தோளுக்கு மேலே இவள் முகம் முழுக்கத் தெரியும். மகனாக வந்த கதாநாயகனுக்கு இவளைவிடப் பத்து வயசு கூட, அது வேறு விஷயம்.

கூரையில்லாத செட்டு, வெயில்தான் விளக்கு. அந்த வெயிலும் சாயப்போகிற நேரத்தில் கதாநாயகன் மூக்குப் பிடிக்கத் தின்றுவிட்டு வந்து கோட்டை மாட்டினான். முதுகுத் தையல் நட்ட நடுவில் வாயைப் பிளந்தது. அளவெடுத்த அன்று வயிற்றை எக்கிக்கொண்டு நின்ற மகராசன்!

தைத்து முடிப்பதற்குள் வெளிச்சம் போய்விடும், நாளைக்கு செட்டைப் பிரிக்க வேண்டும், அம்மா காட்சியே வேண்டாம் என்றார் டைரக்டர். எவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட்டார் பாருங்கள்.

"கிழிசலை நான் பிடிச்சுக்கறேன். நீங்க கேமராவைச் சுத்தச் சொல்லுங்க," என்றாள்.

கட்டிப்பிடித்து, கிழிந்த ஓரம் இரண்டையும் இழுத்துச் சேர்த்து முஷ்டியில் இறுக்கினாள். அவனோ தன் முகம் தெரியவில்லையே என்று தலையைத் திருப்பித் திருப்பி இவளை மறைத்தான். அவன் மூச்சு விடும்போதெல்லாம் கிழிசல் வேறு விரிந்தது. பேசாத படம்தானே, யாருக்குக் கேட்கப்போகிறது? வாயில் வந்தபடியெல்லாம் திட்டினாள். ஆத்திரத்தில் கண்ணீர் பொலபொலவென்று கொட்டியது. டைரக்டர் பூரித்துப்போனார்.

படம் வந்தது. இந்தத் தடவை இவளும் அக்கா பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். 'வென்று வா, மகனே' என்று திரையில் எழுத்து தெரிந்ததும் கொட்டகையே மூக்கைச் சிந்தியது. என்ன பிடி பிடித்திருக்கிறாள், பெற்ற வயிறல்லவா என்று பின்வரிசையில் ஒரு அம்மாள் விம்மினாள். அக்கா மட்டும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். நாலு பேர் திரும்பி முறைத்தார்கள். இந்தச் சிரிப்புக்கா இவ்வளவு பாடுபட்டோம் என்று இவளுக்கு எரிச்சல் பற்றிக்கொண்டு வந்தது.

திடீரென்று சிரிப்பு நின்றது. திரையில் இவள் கோட்டை விடாமல் பிடித்தபடி அவன் காதருகே சொல்லிக்கொண்டிருந்தாள்:

"தலையைக் குனிடா தடியா. எங்க அக்கா என் முகத்தைப் பார்க்கணும்."

அக்காவுக்குக் கண் நிறைந்து வழிந்தது. துடைக்கவில்லை. துடைக்கிற நேரத்தில் அந்த முகம் போய்விடும்.