அந்திக்குடும்பம்

சிரித்து முடித்த பிறகுதான் அது தன்னுடைய சிரிப்பு என்று அவளுக்கு உறைத்தது. மூக்கில் தொடங்கி விக்கலில் முடிகிற சிரிப்பு. எந்தக் கூட்டத்தில் இருந்தாலும் அதை வைத்தே அவளைக் கண்டுபிடித்துவிடுவதாகக் கணவர் சொல்வார். இப்போதும் கண்டுபிடித்துவிட்டார். நூலகத்தின் சின்னக் கூடத்தில் மேசைக்குப் பின்னால் நின்றிருந்தவர், தான் செய்த மெழுகு இலையைத் தொட்ட விரலை எடுக்காமலே நிமிர்ந்து அவளைப் பார்த்தார். கோபமெல்லாம் இல்லை. கூப்பிட்டாயா என்று கேட்கிற பார்வை.

தெருவில் அவருக்குப் 'பல்செட்டு' என்றுதான் பெயர். மருத்துவர்கள் எடுத்து அனுப்பும் அச்சை வைத்துப் பொய்ப்பல் செய்வது தொழில். மிஞ்சும் மெழுகிலும் ஈறு நிறப் பிசினிலும் பல வருடங்களாக அவர் செய்துகொண்டிருந்தது வேறு. எங்கோ ஒரு கிரகம். அதன் ஒரு பாதியில் எப்போதும் பகல், மறுபாதியில் எப்போதும் இரவு. நடுவே வளையல் மாதிரி ஓர் அந்திக்கீற்று. அங்கே மட்டும்தான் செடிகள். கிரகம் லேசாகத் தள்ளாடுவதால் அந்தியும் மெல்ல நகரும். நின்ற இடத்திலேயே நின்றால் ஒன்று கருக வேண்டும், இல்லை உறைய வேண்டும். ஆகவே செடிகள் நடக்கும், முன்னால் ஒரு வேரை ஊன்றி, பின்னால் ஒரு வேரை விட்டுவிட்டு. அப்படி விட்டுப்போன வேர்களைத் தின்றே பிழைக்கிற சோம்பேறிச் செடி ஒன்றுக்குப் 'பின்தங்கி' என்று பெயர் வைத்திருந்தார். மொத்தத்துக்கும் அந்திக்குடும்பம்.

"இன்னைக்கு ஒண்ணு புரிஞ்சுது. அதுங்க நிக்கிறப்பப் பூக்கிறதில்ல, நடக்கிறப்பதான் பூக்குது" என்பார் சாப்பிடும்போது, சொந்தக்காரர் வீட்டு விஷயம் போல. அவள் 'ம்' கொட்டுவாள். கை பாட்டுக்குப் பரிமாறிக்கொண்டிருக்கும்.

தன் அம்மாவின் பல்செட்டைச் சரிசெய்ய வந்த நூலகர், செடிகள் அடுக்கியிருந்த அலமாரியைப் பார்த்துவிட்டு, இதையெல்லாம் நாலு பேர் பார்க்க வேண்டாமா என்று ஒற்றைக்காலில் நின்றார். காட்சி நாளன்று கணவர் சட்டையைத் தானே தேய்த்துப் போட்டுக்கொண்டார். அவள் அலுவலகத்தில் இதைப் பற்றி மூச்சு விடவில்லை. குடிநீர்ப் புகார்களுக்குத் தொலைபேசியில் பதில் சொல்லும் பிரிவில் அவளோடு வேலை செய்யும் இரண்டு பேர், நூலக வாசலில் அறிவிப்பைப் பார்த்துத் தாங்களாகவே வந்து அவளுக்கு இரு பக்கமும் உட்கார்ந்தார்கள்.

"உங்க வீட்டுக்காரர் செடி பத்தியா படிச்சாரு?"

"இல்லப்பா. சும்மா, பொழுது போகாம ஏதோ."

அந்த 'சும்மா' அவள் வாயிலிருந்து எவ்வளவு சுலபமாக வந்தது! அப்போதுதான் பின்வரிசையிலிருந்து ஒருவர் கையைத் தூக்கி, "சார், இதுல மேல்செட்டு எது, கீழ்செட்டு எது?" என்று கேட்டார். கூடமே கொல்லென்று சிரித்தது. பக்கத்திலிருந்தவள் அவளை முழங்கையால் இடித்தாள். அவளும் சிரித்தாள். தேவைக்கு மேலேயே சிரித்தாள்.

"ரெண்டுமே இல்லீங்க. இது தனி" என்றார் அவர். அதன் பிறகு பேச்சில் விறுவிறுப்பு இல்லை. பாதிச் செடிகள் துணிக்கு அடியிலேயே இருக்க, "அவ்வளவுதாங்க" என்று முடித்துக்கொண்டார்.

அட்டைப்பெட்டிகளில் அடுக்கும்போது அவள், "அந்தாளுக்கு வாய்க்கொழுப்பு" என்றாள்.

"சரியாத்தானே கேட்டாரு. எல்லாத்துலயும் பல்லு வேலைதான் தெரியுது. எனக்கே இப்பதான் கண்ணுல பட்டுச்சு."

அவர் திட்டியிருந்தால்கூடத் தேவலை. நானும் சிரிச்சுட்டேங்க என்று சொல்ல வாயெடுத்து, "டீ குடிச்சிட்டுப் போலாமா?" என்றாள்.

"பஸ் வந்துரும்."

பேருந்தில் மூடாத பெட்டி ஒன்று அவள் மடியில் இருந்தது. மெல்லிய தண்டு, நுனியில் கன்னம் போலக் குழிந்த ஓர் இலை. எதிர் இருக்கையில், வேலை முடிந்து சிமெண்ட் படிந்த காலோடு உட்கார்ந்திருந்த பெண் எட்டிப் பார்த்தாள்.

"என்னக்கா இது, கடல்ல இருக்குமே, அதுவா?"

அவள் பக்கத்திலிருந்த கணவரைப் பார்த்தாள். அவர் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இல்லம்மா, செடி. வேற கிரகத்துல இருக்கு. கன்னஞ்சாய்ச்சின்னு பேரு."

அந்தப் பெண் சிரிக்கவில்லை. "எதுக்குச் சாயுது?"

அவளுக்கு முகம் சுட்டது. குளிருக்கா? இல்லை, பக்கத்துச் செடி இன்னும் நடக்கிறதா என்று தொட்டுப் பார்க்கவா? எத்தனையோ தடவை கேட்டது. எத்தனையோ தடவை 'ம்' கொட்டியது.

"குளிருக்கு" என்றாள். "பக்கத்துல இருக்கிறது மேல சாஞ்சுக்கும்."

சொல்லிவிட்டுக் காத்திருந்தாள். ஒரு நிறத்தைத் தப்பாகச் சொன்னால்கூடத் தூக்கத்திலிருந்து எழுந்து திருத்துகிறவர், வாயைத் திறக்கவில்லை.

"பாவம், நம்மள மாதிரிதான்" என்றாள் அந்தப் பெண்.

பேருந்து ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறியது. பெட்டி சரிந்தது. தண்டு வளைந்து, இலை அவருடைய சட்டைக் கையில் போய்ப் பட்டு நின்றது. அவர் திரும்பவில்லை, கையையும் எடுக்கவில்லை. அவள் பெட்டியை நிமிர்த்தாமல், அடுத்த பள்ளம் வந்துவிடக் கூடாதே என்று சாலையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.