கண்ணை மட்டும் விட்டுட்டு

சீனிவாசனுக்கு வாய் கொஞ்சம் ஜாஸ்தி. அதை அவரே சொல்லிக்கொள்வார். ஆம்பூர் தோல் கம்பெனியில் முப்பது வருஷமாகத் தோலைத் தரம் பிரிக்கும் செலக்‌ஷன் வேலை. ஆட்டுத்தோலைத் தடவிப் பார்த்தே உண்ணி கடித்த இடத்தைச் சொல்லிவிடுவார். மனுஷ முகத்தில்தான் ஒன்றும் கண்டுபிடிக்கத் தெரியாது. காக்கிச் சட்டையைப் பார்த்தால் போதும், வாய் தானாக இளிக்கும்.

மகன் நவநீதன் போலீஸ் கையில் செத்து எட்டு மாதம் ஆகிறது. செல்போன் திருட்டில் தேடப்பட்டவன், நாட்றம்பள்ளி ரோட்டில் பைக்கில் தப்பும்போது விழுந்து அடிபட்டான் என்றது போலீஸ். அவனும் வேலை பார்த்த அதே கம்பெனியின் கேட்டில் வைத்து போலீஸ் இழுத்துப் போனது என்றார் சீனிவாசன். மனைவி சம்பூர்ணத்திடமும் அதையே சொன்னார், வக்கீல் ஹுமேராவிடமும் அதையே சொன்னார். போலீஸ் சொன்னதும் பொய், இவர் சொன்னதும் பொய். உண்மையைச் சொன்னால் சம்பூர்ணத்தின் முகத்தில் எப்படி முழிப்பது?

இன்றைக்கு விசாரணையில் மாஜிஸ்திரேட் அம்மா கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கேட்டார்.

“கேட் கேமராவுல உங்க பையனே இல்லையே. அன்னிக்கு அவர் வேலைக்கே வரலையாமே?”

ஹுமேரா திடுக்கிட்டுத் திரும்பினாள். வழக்கு கையைவிட்டுப் போகிறது என்று சீனிவாசனுக்கே புரிந்தது. பின் வரிசையில் சம்பூர்ணம் உட்கார்ந்திருந்தாள்.

“நான்தாம்மா ஸ்டேஷனுக்குக் கூட்டினு போனேன்,” என்றார். “விசாரிச்சிட்டு அனுப்பிடுறோம்னு போன் பண்ணாங்க. பயமா இருக்குப்பா, வரலைன்னான். நான்தான் பெரிய மனுஷனாட்டம் வண்டியில உக்கார வெச்சுக் கூட்டினு போனேன். காலையில பத்து மணி.”

“உடம்புல காயம் ஏதாவது இருந்ததா?”

“ஒரு கீறல் இல்லம்மா.”

அதோடு நிறுத்தியிருக்கலாம். அந்தப் பாழாய்ப்போன வாய் என்றைக்கு நின்றது?

“இன்ஸ்பெக்டர்கிட்ட, கண்ணை மட்டும் விட்டுட்டுத் தோலை உரிச்சிடுங்க சார்னு சொன்னேன். இஸ்கூல்ல வாத்தியார்கிட்ட சொல்லுவோமே, அது மாதிரி. சும்மா மரியாதைக்கு. அவர் சிரிச்சார். நானும் சிரிச்சேன்.”

இன்ஸ்பெக்டரையே சிரிக்க வைத்துவிட்டோம் என்று அன்றைக்கு வீடு வரை விசிலடித்துக்கொண்டு வந்த மடையன் அவர். நினைத்தால் நாக்கை அறுத்துப் போட்டுவிடலாம் போலிருக்கும்.

டைப்பிஸ்ட் கையை நிறுத்தினார். “தோலை உரிக்கிறது... அதையும் அடிக்கணுமாம்மா?”

மாஜிஸ்திரேட் வாயைத் திறக்கும் முன்பே சம்பூர்ணம் எழுந்துவிட்டாள். புருஷன் பக்கம் திரும்பவில்லை.

“அடிங்க,” என்றாள். “பத்து மணிக்கு எம்புள்ள முழுத்தோலோட உள்ள போனான்னு, அதையும் சேர்த்து அடிங்க.”