அடுப்பிலிருந்து வந்த முன்னோர்கள்

இதில் ஒரு சொல்லும் கற்பனை இல்லை. பசிபிக் கடல்மேல் சத்தியம், கடவுள்மேல் சத்தியம், நிலத்துறை ரப்பர் முத்திரைமேல் சத்தியம். மூன்றில் கடைசியானதற்குத்தான் எங்கள் தீவில் மதிப்பு அதிகம்.

சனிக்கிழமை காலை ஹில்டா சமையல் கொட்டகைக்குள் நுழைந்தபோது அடுப்புக்குழி காலியாகக் கிடந்தது. மறுநாள் தேவாலய விருந்து. கழுவிய பன்றி வாழையிலையில் காத்திருந்தது. பழுக்கக் காயவைத்து அதைச் சுட வேண்டிய முப்பத்தாறு கற்களையும் காணோம். நெருப்பில் வெடிக்காதவையாக ஆற்றங்கரையில் பொறுக்கியவை. பதினேழு வருஷம் கொழுப்புக் குடித்துக் கறுத்தவை.

வாசலில் தம்பி பேட்டிசன் நின்றிருந்தான். அந்த வெயிலிலும் நீளக் காற்சட்டை. கன்னத்தில் பாக்கு.

"தம்பி, என் சுடுகல்லப் பாத்தியா?"

"கல்லுக்குக் கணக்கு வெச்சிக்கிட்டா திரியறேன்? அத விடுக்கா. மத்தியானம் மூப்பருங்க காட்டு விசாரணைக்கு வர்றாங்க. நீ வாயத் தொறக்காம பின்னால நின்னாப் போதும்."

"காடு அம்மா வழியா எனக்கு வந்ததுடா. எனக்கப்புறம் எம் பொண்ணுங்களுக்கு."

"யாரு இல்லேன்னா? உன் காடுதான். உனக்காக நான் பேசறேன், உனக்காக நான் கையெழுத்துப் போடறேன்..."

"எனக்காக நீயே சாப்பிட்டும் தொலைக்கற."

எங்கள் தீவில் மண் பெண்களுடையது. சபையில் பேச்சு ஆண்களுடையது. இதைவிட நேர்த்தியான ஏற்பாட்டை எந்த தேசமும் கண்டுபிடித்ததில்லை. ஹில்டா ஒரு மலைக்கு ராணி. ராணிக்கு ஒரு கையெழுத்து உரிமை மட்டும் கிடையாது. மரம் வெட்டும் கம்பெனி பேட்டிசன் வீட்டுக்குத் தகரக் கூரையும் படகு எஞ்சினும் ஏற்கெனவே கொடுத்துவிட்டது. பதிலுக்கு அவன் அந்தக் காட்டின் பொறுப்பாளராகிக் கையெழுத்துப் போடவேண்டும். பொறுப்பாளர் ஆக வேண்டுமென்றால் காட்டுக்குள் இருக்கும் முன்னோர் பீடத்தை மூப்பர்களுக்குக் காட்டி, வம்சப் பெயர்களை ஒப்பிக்க வேண்டும்.

ஒன்பது வருஷம் நகரத்தில் இருந்த பேட்டிசனுக்குப் பீடம் எங்கே என்று தெரியாது. ஹில்டாவுக்குத் தெரியும், அம்மா தூரத்திலிருந்து கைகாட்டியிருக்கிறாள். ஆனால் பெண் பீடத்தை நெருங்கக் கூடாது, ஆகவே காட்டவும் முடியாது. இதுவும் அதே நேர்த்தியான ஏற்பாட்டில் சேர்ந்ததுதான்.

மத்தியானம் மூன்று மூப்பர்களும், நிலத்துறை எழுத்தரும், குடை பிடித்த கம்பெனி ஆளும், ஊரும் மலையேறினார்கள். பெண்கள் எட்ட நின்றார்கள். ஆலமரத்தடியில் முப்பத்தாறு கறுத்த கற்கள் குவிந்திருந்தன. மேலே, தீவில் பணமாகப் புழங்கும் சிப்பிகளைக் கோத்த ஒரு மாலை. பேட்டிசன் கண்ணீர் மல்கப் பதினான்கு தலைமுறை சொன்னான். ஏழாவது முன்னோரின் பெயர், நகரத்துக்கு அரிசி கொண்டுவரும் கப்பலின் பெயராகவும் இருந்தது. யாரும் அதைப் பற்றிக் கேட்கவில்லை.

ரோசினா, பக்கத்து வீட்டுக்காரி, ஹில்டாவின் காதோரம் குனிந்தாள். "அது உன் அடுப்புக் கல்லுதானே?"

"ஆமா. ஈஸ்டருக்குச் சுட்ட பன்னியோட வாசம் இங்க வரைக்கும் அடிக்குது."

"சொல்லேன்."

"பொம்பள பேசக் கூடாதாம்ல."

அப்போது ஹில்டாவின் நாய் கூட்டத்தைப் பிளந்துகொண்டு போய், முன்னோர்களை ஒவ்வொருவராக நக்க ஆரம்பித்தது. கம்பெனி ஆள் தொண்டையைக் கனைத்தான். பெரிய மூப்பர் கெமுவேல் கண்ணை மூடினார். அவர் வீட்டுக்கும் தகரம் வந்திருந்தது.

"முன்னோருங்க ஒப்புக்கிட்டாங்க. எழுதிக்கோப்பா," என்றார் எழுத்தரிடம்.

எழுத்தர் எழுதினார். நிலம் ஹில்டா வம்சத்தினுடையது, பொறுப்பாளர் பேட்டிசன். இவ்வாறான கறுத்த கற்களின் குவியல் முன்னோர் பீடம் ஆகும்; சட்டப்படி அதைச் சுற்றி நூறு காலடிக்குள் மரம் வெட்டலாகாது. கம்பெனி ஆள் தலையாட்டினான். அத்தனை பெரிய மலையில் நூறு காலடி அவனுக்கு ஒரு பொருட்டா?

ஹில்டா ஒரு நகல் கேட்டாள். கேட்பது பேச்சில் சேராது என்று கெமுவேல் பெருந்தன்மையாகத் தீர்மானித்தார்.

திங்கட்கிழமை ஊர்ப் பெண்கள் முதுகில் பைகளோடு மலையேறினார்கள். செவ்வாயும் புதனும் ஏறினார்கள். வியாழக்கிழமை பேட்டிசன் மூச்சிரைக்க ஓடிவந்தான்.

"என்னக்கா இது? காடு பூரா அடுப்புக் கல்லு?"

"பாத்துப் பேசு தம்பி. முன்னோருங்க."

"யார ஏமாத்தற? அத்தனையும் சுடுகல்லு."

"ஆலமரத்தடியில கெடக்கறதையும் சேத்தா சொல்ற? வா, ரெண்டு பேருமா மூப்பர்கிட்டப் போய்ச் சொல்லுவோம்."

பேட்டிசன் பாக்கை மென்றான்.

"ராத்திரிக்கு என்னத்தச் சாப்பிடுவீங்க?" என்றான்.

"அவிச்ச கிழங்கு. எங்களுக்குப் பழக்கம்தான்."

கெமுவேல் வந்து பார்த்தார். தம் தீர்ப்பைத் தாமே மறுக்க வழியில்லாமல் நாயைக் கூட்டிவரச் சொன்னார். நாற்பது குவியல்களையும் நாய் ஒப்புக்கொண்டது. நாற்பதுக்கும் முத்திரை விழுந்தது. நூறு நூறு காலடியாக மலை முழுக்கப் புனிதமாயிற்று. அந்த வருஷம் எங்கள் ஊரில் யாரும் பன்றி சுடவில்லை. ஒரு பெண்ணும் அதற்காக முகம் சுளிக்கவில்லை.

மரம் வெட்டும் உரிமத்தில் மந்திரி கையெழுத்துப் போட்ட தேதி அந்த விசாரணைக்கு ஆறு வாரம் முந்தையது; பிந்தி விழுந்த முத்திரை எதுவும் அதைக் கட்டுப்படுத்தாதாம். மலையில் இன்று மிச்சம் இருப்பவை அந்தக் கற்கள் மட்டும்தான்.