நீலக் கதவுக்கு ஆள் தேவை

யாராவது என் கைப்பைக்குள் கையை விட்டால் எவ்வளவு கோபம் வருமோ, கம்பனி கார்டில் தெரியாத பெயரில் பணம் கழிந்தாலும் எனக்கு அவ்வளவு கோபம் வரும். கார்ட் என்னுடையதல்ல, பணமும் என்னுடையதல்ல. ஆனாலும் பதுளை அலுவலகத்தில் மாதாமாதம் அந்த ஸ்டேட்மன்டைச் சரிபார்ப்பவள் நான்தான். ஊவா மாகாணத்தில் சில தேயிலைத் தோட்டங்களை வைத்திருக்கும் கம்பனி இது. அந்தத் தோட்டங்களில் ஒன்றின் லயத்து வரிசை வீட்டில் பிறந்து, கம்பனி அலுவலகத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தவள் என் மகள் சிவசக்தி ஒருத்திதான் என்று அம்மா எங்கள் ஊர் மடுல்சீமை முழுக்கச் சொல்லி வைத்திருக்கிறாள். அந்தப் பெருமையைக் காப்பாற்றவாவது ஒரு வரியும் தப்பக் கூடாது என்று இருப்பேன்.

அதே அம்மாதான் போன மாதம் போனில் ஒரு செய்தி சொன்னாள். தோட்டத்து ஆபீசிலிருந்து ஆள் வந்து எங்கள் வீட்டைப் போட்டோ பிடித்தார்களாம். கால் வீங்கிப்போய், காலையில் பெயர் கூப்பிட்டு வேலை பிரிக்கும் பெரட்டுப் பக்கமே அவள் போய் மாதக் கணக்காகிறது. அப்படியும் தோட்டத்துத் தொரை இந்த ரெங்கம்மாவை மறக்கவில்லை என்று அவளுக்கு ஏகப்பட்ட சந்தோஷம். வீட்டை நம் பேரில் எழுதிக் கொடுக்கப் போகிறார்கள், அதற்குத்தான் போட்டோ என்று லயத்தில் பேச்சாம். வாசலைக் கூட்டி, வந்தவர்களுக்கு இஞ்சி தட்டிப் போட்டுத் தேத்தண்ணியும் கொடுத்திருக்கிறாள். எனக்கு மாதக் கடைசி வேலை தலைக்கு மேல் கிடந்தது. ம், ம் என்று கேட்டுவிட்டு போனை வைத்துவிட்டேன்.

இந்த மாத ஸ்டேட்மன்டில்தான் அந்த வரிகள் இருந்தன. வாயில் நுழையாத வெளிநாட்டுப் பெயர், ஒரு நாள்கூட விடாமல். முதலில் ஒரு தேத்தண்ணிக் காசு அளவுக்கு இருந்தது, போகப் போக வீங்கிக்கொண்டே வந்தது. டீசல் அடிக்க கார்டைக் கொண்டுபோகும் டிரைவர் நிமலனைத்தான் முதலில் பிடித்தேன். போனில் ஏதாவது விளையாட்டுக்குக் காசு கட்டினாயா என்று கேட்டதில் பாவம், அவனுக்கு வியர்த்துவிட்டது. தன் பிள்ளைகள் மேல் சத்தியம் பண்ணினான். பிறகுதான் வங்கிக்குப் போன் போட்டேன்.

அங்கே பேசிய பெண் பொறுமையாக விளக்கினாள். அது வேலை விளம்பரம் போடும் இணையத்தளமாம். விளம்பரம் போடுவதற்குக் காசு கேட்பதில்லை. அதை யாராவது தொட்டுத் திறந்தால், திறந்த ஒவ்வொருவருக்கும் இவ்வளவு என்று கம்பனி கார்டில் கழிப்பார்களாம். ஒரே போனில் ஒரு நாளைக்கு எத்தனை தடவை தொட்டாலும் ஒரு தடவைதான் கணக்காம்.

எனக்குச் சிரிப்பு வந்தது. ஆட்களைக் குறைப்பது எப்படி என்று கூட்டம் போட்டுப் பேசுகிற கம்பனி, காசு கொடுத்து ஆள் தேடுகிறதா? யாரோ எங்கள் கார்டைத் திருடி, எங்கள் பெயரில் வேலை தருவதாகச் சொல்லி ஊர்ப் பிள்ளைகளை ஏமாற்றுகிறார்கள் என்று நானே முடிவுகட்டிக்கொண்டேன். கணக்காளர் ஹஸீப் சேரின் மேசைக்குப் போய் ஒரு ஆட்டம் ஆடினேன். அவர் பதுளைக்காரர், நிதானமான மனிதர். நான் குதிக்கும்போதெல்லாம் முதலில் தண்ணீர் குடிக்கச் சொல்வார். அன்றைக்கும் சொன்னார். பிறகு கொழும்பு தலைமை அலுவலகத்துக்கு எழுதிக் கேட்டார்.

பகல் சாப்பாட்டுக்குப் பிறகு பதில் வந்தது. அவர் கம்ப்யூட்டரில் எதையோ திறந்து வாசித்தார். வாசித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை.

"களவு இல்ல, சக்தி. நம்மட ஆக்கள்தான் போட்டிருக்கு. கணக்கு சரி."

எனக்குக் கொஞ்சம் ஏமாற்றமாகக்கூட இருந்தது. அப்படி என்ன விளம்பரம் என்று குனிந்து பார்த்தேன். சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் எழுதியிருந்தது. தோட்டத்தில் தங்கி வேலை செய்யக் குடும்பங்கள் தேவை. குடும்பத்தில் இருவராவது தேயிலைக் கொழுந்து எடுக்க வேண்டும். வீடு இலவசம். தண்ணீர், மின்சாரம் உண்டு. அடுத்த மாதம் முதல் குடியேறலாம். கீழே, வீடு எப்படி இருக்கும் என்று காட்ட ஒரு போட்டோ.

நீலக் கதவு. எங்கள் லயத்தில் மற்ற எல்லாக் கதவும் கறுப்பு. நீலக் கதவு ஒன்றுதான் உண்டு, அது என் முதல் சம்பளத்தில் பெயின்ட் வாங்கி நானே அடித்தது. பெயின்ட் தீர்ந்த தகரத்தில்தான் அம்மா ரோஜா வைத்தாள். ரோஜாவும் இருந்தது. போட்டோவின் ஓரத்தில் ஒரு கை, அந்தக் கையில் தேத்தண்ணிக் கோப்பை. கைக்குரியவளை வெட்டிவிட்டிருந்தார்கள்.

மேசையைப் பிடித்துக்கொண்டேன். அழுகை வரவில்லை, கோபமும் வரவில்லை, கோபப்படுவதற்கே பிறந்தவள் நான், எனக்கு ஒன்றுமே வரவில்லை. அதிர்ச்சி என்று ஆட்கள் சொல்வது இதைத்தான் போலிருக்கிறது. இனிக் கொழுந்து எடுக்க முடியாதவள் என்று, உயிரோடு வீட்டுக்குள் இருக்கிறவளை வைத்துக்கொண்டே வீட்டுக்கு ஆள் தேடுகிறார்கள். அதற்குக் காசு கட்டியிருக்கிறார்கள். அந்தக் காசு ஒழுங்காகக் கழிந்திருக்கிறதா என்று பார்க்க அவளுடைய மகளையே உட்கார்த்தி வைத்திருக்கிறார்கள்.

ஹஸீப் சேருக்கு அது எங்கள் வீடு என்று தெரியும். தோட்டத்துக் கோயில் திருவிழாவுக்கு வந்து அந்த வாசலில் உட்கார்ந்து சாப்பிட்டவர். அவர் விளம்பரத்தின் விவரங்களைக் கீழே தள்ளிக்கொண்டே போனார். விண்ணப்பித்தவர்கள் ஒருவரும் இல்லை. திறந்து பார்த்தவர்கள் ஏராளம், கிட்டத்தட்ட எல்லாருமே மடுல்சீமைப் பக்கம். உள்ளூர் ஆட்கள் இதை ஏன் தினமும் பார்க்கிறார்கள் என்று அவருக்கு விளங்கவில்லை. எனக்கும் விளங்கவில்லை. படிக்கட்டுக்கு வந்து அம்மாவுக்குப் போன் எடுத்தேன்.

என் குரலைக் கேட்டதும் அவள் முந்திக்கொண்டாள். நானே கூப்பிடுவேன் என்று காத்திருந்தாளாம். நம் வீடு போனில் வருகிறது, நீ பார்த்தாயா என்றாள். பக்கத்துக் காம்பரா வீட்டில் இருக்கும் விஜயலெட்சுமியின் போனில்தான் முதலில் வந்ததாம். இப்போது மேட்டு லயம், பணிய லயம், கடைத்தெரு என்று எல்லாரும் தினமும் திறந்து பார்க்கிறார்களாம். கொழுந்து நிறுக்கிற இடத்தில்கூட இதே பேச்சாம்.

"விஜயலெட்சுமி மக 'வீடு இலவசம்'னு மட்டும் எழுத்துக் கூட்டி வாசிச்சுச் சொல்லுச்சு. மீதிய எம்மக வாசிச்சுச் சொல்லுவான்னு சொல்லிட்டேன். நம்ம பேருதானே போட்டிருக்கு, சத்தி?"

பொய் நாக்கு நுனிவரை வந்தது. ஆமாம்மா என்று சொல்லியிருந்தால் அவளுக்கு இன்னும் சில நாள் சந்தோஷம் மிச்சமாகியிருக்கும். ஆனால் அடுத்த மாதம் ஒரு குடும்பம் மூட்டை முடிச்சோடு அந்த வாசலில் வந்து நிற்கும்போது அவள் மறுபடியும் இஞ்சி தட்டித் தேத்தண்ணி போடுவாள். அதை நினைக்க எனக்குச் சகிக்கவில்லை. ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொன்னேன். குடியேறலாம் என்ற கடைசி வரியையும் விடவில்லை.



"பின்னுக்குக் கூரை ஒழுகுறதப் போட்டிருக்காங்களா?" என்று அம்மா கேட்டாள்.

"இல்லம்மா."

"என் கை இருக்கே அதுல. அது யாரு கைன்னு போட்டிருக்கா?"

"இல்லம்மா."

அந்தக் கேள்விகளைத் தாங்க முடியாமல்தான் நான் வாய்க்கு வந்ததைப் பேச ஆரம்பித்தேன். காலையிலிருந்து இந்தக் கணக்கோடு மல்லுக்கட்டியதை, நிமலனைத் திட்டியதை, ஒருவர் தொட்டுத் திறந்தால் கம்பனிக்கு இவ்வளவு என்று கழிவதை எல்லாம் சொன்னேன். அம்மா குறுக்கிட்டாள்.

"இரு, இரு. நான் தொட்டா அவங்க காசு போவுதா?"

"ஆமாம்மா. ஒரு போனுக்கு ஒரு நாளைக்கு ஒரு தடவ."

"இத்தன நாளும் போயிருக்கா?"

"போயிருக்கும்மா."

வீங்கின காலை இழுத்துக்கொண்டு அவள் எழுந்திருக்கும் சத்தம் கேட்டது. கதவு திறந்தது. அந்தக் கதவின் சத்தம் எனக்குத் தெரியும்.

"நான் இந்த வீட்ட விட்டு எறங்க மாட்டேன்" என்றாள். பிறகு, சந்தையில் என்ன வாங்க வேண்டும் என்று கேட்கும் அதே குரலில் கேட்டாள். "நம்ம தோட்டத்துல மொத்தம் எத்தன போன் இருக்கும், சத்தி?"

நான் பதில் சொல்வதற்குள் அவள் வாசலில் நின்று விஜயலெட்சுமியைக் கூப்பிட ஆரம்பித்திருந்தாள். நான் உள்ளே போய், அந்த வெளிநாட்டுப் பெயருக்கு எதிரே ஒவ்வொரு வரியிலும் சரி போட்டேன். அடுத்த மாதம் இது இன்னும் கூடும் என்று ஹஸீப் சேரிடம் சொன்னேன். ஏன் என்று அவர் கேட்கவில்லை.