அமுதவள்ளி என்றே போடலாமா

மட்டாஞ்சேரியில் எங்கள் மாலைநேரத் தமிழ் வகுப்பின் ஆண்டு மலர் சனிக்கிழமை அச்சுக்குப் போகிறது. அதில் என் கட்டுரையும் உண்டு. எனக்கு இருமுனை மனநோய் இருப்பதையும், மாத்திரை போட்டுக்கொண்டே சுக்கு கோடவுனில் வேலை பார்ப்பதையும் எழுதியிருக்கிறேன். ஆசிரியர் விஸ்வநாத் மாஷ் பிழை திருத்தினார். நான் பள்ளியில் மலையாளம் படித்தவள் என்பதால் பிழைக்குப் பஞ்சமில்லை. கடைசியில் கேட்டார்:

“பேரு போடவா, இல்ல ‘ஒரு மாணவி’ன்னு மட்டும் போடவா?”

“அமுதவள்ளின்னே போடுங்க, மாஷே.”

இதே நோயோடு ஒருத்தி அதைப் படித்தால், ‘ஒரு மாணவி’யை எங்கே தேடுவாள்?

சிரித்துக்கொண்டே வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். சாயா ஆற்றிக்கொண்டிருந்தவள் கையை நிறுத்தினாள்.

“நேத்து ஒறங்குனியாட்டி?”

“ஒறங்குனேம்மா.”

“மாத்திரை?”

“போட்டாச்சு.”

“பெறவு எதுக்கு இந்தச் சிரிப்பு?”

நான் சந்தோஷப்பட்டால் அம்மா இப்படித்தான். அவளைக் குறை சொல்ல முடியாது. முன்பு நோய் முற்றிச் சந்தோஷம் தலைக்கேறியபோது, பஜாரில் அரிசி லாரிகளை மறித்து டிரைவர்களுக்குக் கவிதை சொன்னேன். மாநகராட்சி வேலையாக அந்தத் தெருவைப் பெருக்கிக்கொண்டிருந்தவள் அம்மாதான். துடைப்பத்தைப் போட்டுவிட்டு ஓடி வந்து என்னைக் கட்டிப்பிடித்தாள்.

“ஏறுதுட்டி உனக்கு. பேரு போடச் சொல்றது நீயில்ல, அதாக்கும்” என்றாள்.

அப்படியும் இருக்கலாம். இந்தத் துணிச்சல் என்னுடையதா, நோயினுடையதா என்று எனக்கே நிச்சயமில்லை. பெரிய முடிவு எதுவானாலும் நன்றாகத் தூங்கி எழுந்த பிறகுதான் என்பது டாக்டரும் நானும் பேசி வைத்த விதி. மாஷுக்குப் போன் செய்து, சனிக்கிழமை காலை சொல்வதாகச் சொன்னேன்.

சனிக்கிழமை எழுந்தபோது சிரிப்பு இல்லை. கோடவுனில் மஞ்சுஷா சேச்சி இனி என் பக்கத்தில் உட்காருவாளா? யாராவது என்னைப் பெண் கேட்டு வருவார்களா? ‘ஒரு மாணவி’யே போதும் என்று சொல்லப் போனை எடுத்தேன். அப்போதுதான் உறைத்தது: நோய் ஏறியவளுக்குப் பயம் வராதே.

“அம்மா, எனக்குப் பயமா இருக்கு.”

அம்மா என் கையைத் தொட்டாள்.

“அப்ப போட வேண்டாம்.”

“பயந்தாலும் போடணும்னுதான் இருக்கு. அன்னைக்கு லாரிக்கு முன்னால நின்னப்ப பயந்தேனாம்மா?”

அம்மா சாயாவை டம்ளரில் ஊற்றினாள்.

“இல்ல. அன்னைக்குப் பயந்தது நாந்தான்.”

சாயா டம்ளரை என் பக்கம் நகர்த்தினாள்.

“வெறும் அமுதவள்ளின்னு போட்டா, எந்த அமுதவள்ளின்னு ஊரெல்லாம் கேட்டுத் திரிவாளுக. எம் பேரையும் சேத்துப் போடச் சொல்லு.”

மாஷ் போனை எடுத்தார்.

“பேச்சி மகள் அமுதவள்ளின்னு போடுங்க, மாஷே” என்றேன். குரல் நடுங்கியது. நடுங்கட்டும் என்று விட்டுவிட்டேன்.