ஒரு பக்கம் இறுக்குது

"அம்மாவுக்கு ஒரு பாடி வேணும்" என்று அவள் கேட்டதும் கடைப்பெண் முகம் மலர்ந்து, "பாடி லோஷனா மேடம்? அது கீழ்த் தளத்துல. லிஃப்ட் பக்கத்துலயே இருக்கு" என்றாள்.

மதியச் சாப்பாட்டு நேரம். ஆஸ்பத்திரியில் அரை மணி நேரம் அனுமதி வாங்கிக்கொண்டு வந்திருந்தாள். நர்ஸ் யூனிஃபார்மை மாற்ற நேரமில்லாமல், மேலே ஒரு சால்வையைச் சுற்றியிருந்தாள். "லோஷன் இல்லைம்மா. பாடி. உள்ளே போடுறது" என்று இரண்டாம் தடவை சொன்னபோது குரல் கொஞ்சம் ஓங்கிவிட்டது. பக்கத்தில் சாக்ஸ் பார்த்துக்கொண்டிருந்த ஓர் ஆள் திரும்பிப் பார்த்துவிட்டு, நல்ல மனுஷன், உடனே சாக்ஸுக்கே திரும்பிவிட்டார். விபத்து வார்டில் பதினோரு வருஷமாக ஆண்களுக்கு நடுவில் வேலை பார்க்கிறவள் அவள். எந்த உறுப்பின் பெயரைச் சொல்லவும் நாக்கு கூசியதில்லை. மூன்றெழுத்துக்கூட இல்லாத இந்த வார்த்தைக்குக் காது சிவந்தது.

கல்லாவில் இருந்த பெண்மணிதான் காப்பாற்றினாள். "பிரா கேக்குறாங்கடி. பழைய மாடல், வெள்ளைப் பருத்தி, முன்னாடி கொக்கி வச்சது. மேல் தட்டுல ரெண்டு மூணு கிடக்கும் பாரு" என்று உட்கார்ந்த இடத்திலிருந்தே சொன்னாள்.

கடைப்பெண் ஸ்டூலில் ஏறி நின்றுகொண்டு, "என்ன சைஸ் மேடம்?" என்றாள்.

சாதாரணக் கேள்விதான். அவளிடம் மூன்று பதில் இருந்தது. "முப்பத்தாறுதான் போட்டுக்கிட்டு இருந்தாங்க. அப்புறம் முப்பத்தெட்டு வாங்கினேன். அப்புறம் நாப்பது..."

"ஆன்ட்டி வெயிட் போட்டுட்டாங்களா?" என்று அந்தப் பெண் சிரித்தாள்.

"இல்லை. இளைச்சுட்டாங்க" என்றாள் அவள்.

அம்மாவுக்கு அது எப்போதும் பாடிதான். எந்தத் தையல்காரர் எந்தக் காலத்தில் அந்தப் பெயரை வைத்துவிட்டுப் போனாரோ, அம்மாவுக்குத் தெரியாது, கவலையும் இல்லை. ஒரு சட்டைக் கம்பெனியில் முப்பது வருஷம் காஜா எடுத்தவள் அம்மா. பொத்தான் நுழைகிற ஓட்டையைச் சுற்றி நூல் கட்டுகிற வேலை. துணி, நூல், கொக்கி, நாடா எல்லாவற்றுக்கும் அவளிடம் பெயர் உண்டு; அந்தப் பெயரில்தான் கூப்பிடுவாள். "பாடி நாடா தொங்குது பாரு", "பாடி வெளுத்துப்போச்சு", "பாடி போடாம வாசல்ல நிக்காதே" என்று வீட்டில் நாளைக்கு நாலு தடவை அந்த வார்த்தை நடமாடும். அதைவிடப் பெரிய உபயோகம் ஒன்றும் அதற்கு இருந்தது. மார்பு என்பது புத்தகத்தில் இருக்கிற சொல். மற்றச் சொற்களெல்லாம் சண்டையில் வருகிறவை. அம்மா மாதிரிப் பெண்கள் அந்த இடத்தைப் பற்றிப் பேசவேண்டி வந்தால், "பாடிப் பக்கம் சுருக்குங்குது" என்பார்கள். துணியின் பெயரைச் சொன்னால் உடம்பைச் சொன்னதாகக் கணக்கு.

மகளுக்கு அந்த வார்த்தை வேறு. ஆஸ்பத்திரியில் மூச்சு நிற்கிற வரைக்கும்தான் மனுஷனுக்குப் பெயர். அடுத்த நிமிஷம், "பாடியை இறக்கியாச்சா? பாடிக்கு யாரு கையெழுத்துப் போடுறது?" என்று ஆகிவிடும். அவளே எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறாள். சொல்லிவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டு டீ குடித்திருக்கிறாள்.

நாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு விடுமுறை நாளில் கூட வேலை பார்க்கிற மூன்று பேர் வீட்டுக்குச் சாப்பிட வந்திருந்தார்கள். அடுப்படியில் அம்மாவுக்கு இரண்டு கையும் மாவு. திடீரென்று மழை. அம்மா அங்கிருந்தே கத்தினாள்: "அய்யய்யோ, மாடியில என் பாடி கிடக்குதுடி! யாராவது ஓடிப்போய் எடுத்துட்டு வாங்களேன், நனைஞ்சுடப் போகுது!"

மூன்று நர்ஸுகளும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர்களில் வாய்த்துடுக்கான குட்டை சிஸ்டர், "ஸ்ட்ரெச்சர் கொண்டுவரட்டுமா ஆன்ட்டி?" என்று கேட்டாள்.

"எதுக்குடி ஸ்ட்ரெச்சரு? ரெண்டே ரெண்டுதான் கிடக்கு" என்றாள் அம்மா.

அவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அம்மாவும், என்ன ஏது என்று தெரியாமலே, விருந்தாளிகள் சந்தோஷமாக இருக்கிறார்களே என்று சேர்ந்து சிரித்தாள். மகள் மட்டும் சிரிக்கவில்லை. மறுநாள் வார்டில் கால் வைத்ததும், "சிஸ்டர் வீட்டு மாடியில ரெண்டு பாடியாமே, போலீஸுக்குச் சொல்லியாச்சா?" என்று வார்டு பாய் வரைக்கும் கேட்டான். ஒரு மாதம் ஓடியது அந்தக் கூத்து. ஒருநாள் சாயங்காலம் வீட்டுக்கு வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் அம்மாவிடம் வெடித்தாள்.

"இனிமே அந்த வார்த்தை இந்த வீட்டுல வரக் கூடாது. கேக்கவே அசிங்கமா இருக்கு. பிரான்னு சொல்லு. வராட்டி வாயை மூடிக்கிட்டுச் சும்மா இரு."

அம்மா முயற்சி செய்தாள், பாவம். நாக்கு புரளவில்லை. "மாடியில புறா காயுது" என்றாள் ஒருநாள். சொல்லிவிட்டு அவளே விழுந்து விழுந்து சிரித்தாள். மகள் முறைத்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. "எனக்கு எதுக்குடி வம்பு. பறக்கிறதையெல்லாம் நான் போட்டுக்க முடியாது" என்று முனகிவிட்டு அதையும் விட்டுவிட்டாள். அதற்கப்புறம் "உள்ளே போடுறது" என்றாள். கொஞ்ச நாளில் அதுவும் தேய்ந்து வெறும் "அது" ஆகிவிட்டது. வீட்டில் ஒரு வார்த்தை குறைந்ததை மகள் கவனிக்கவில்லை. நிம்மதியாகத்தான் இருந்தது.

போன வருஷம் ஒரு காலை. மகள் டூட்டிக்கு நேரமாகிவிட்டதென்று ஷூவின் நாடாவைக் கட்டிக்கொண்டிருந்தாள். அம்மா கதவோரமாக வந்து நின்று, "பாப்பா, அது ஒரு பக்கம் இறுக்குதுடி" என்றாள்.

"எதும்மா?"

"அதான்... அது."

"ஓ, அதுவா. சதை போட்டிருப்பே. வரும்போது பெரிசா வாங்கிட்டு வர்றேன்."

வாங்கியும் வந்தாள். சொன்னால் சொன்னபடி செய்கிற பெண். மூன்று மாதம் கழித்து அம்மா மறுபடியும், "இதுவும் இடது பக்கம் இறுக்குது" என்றாள். "அப்போ நாப்பது வாங்குறேன். ரெண்டா வாங்கிடுறேன்" என்றாள் மகள். வார்டில் முன்பின் தெரியாத ஒருத்தி "ஒரு பக்கம்" என்று வாயைத் திறந்திருந்தால் போதும், அடுத்த நொடி திரையை இழுத்துவிட்டுத் தொட்டுப் பார்த்திருப்பாள். சொன்னது அம்மா. அதனால் கடைக்குப் போனாள். வாத்தியார் பிள்ளை மக்கு என்பார்கள். நர்ஸைப் பெற்றவளுக்கு அப்படி ஒரு பழமொழியை இன்னும் யாரும் கட்டவில்லை.

அம்மா மூன்றாவது தடவை சொல்லவில்லை. தானே வழி கண்டுபிடித்துவிட்டாள். போன மாதம் விடுமுறை நாளில் மாடியில் காய்ந்த துணியை எடுக்கப் போன மகள், கொடியில் கிடந்த அந்த நாற்பதை முதல்முறையாகக் கையில் எடுத்துப் பார்த்தாள். இடது பக்கத் தையலைப் பிரித்து, பழைய தலையணை உறைத் துணியில் ஒரு முக்கோணம் வெட்டி, உள்ளே கொடுத்துத் தைத்திருந்தது. அளவெடுத்த மாதிரித் தையல். ஒரு நூல் பிசகவில்லை. முக்கோணத்துக்கு நடுவில் வெளுத்தும் போகாத ஒரு மஞ்சள் கறை. அது என்ன கறை என்று யாரும் அவளுக்குச் சொல்லவேண்டியதில்லை. எத்தனை கட்டுகளில் பார்த்திருக்கிறாள். மற்றத் துணிகளை அப்படியே போட்டுவிட்டுப் படியிறங்கி ஓடிவந்து, "அம்மா, ரவிக்கையைக் கழட்டு" என்றாள். அம்மா குழந்தை மாதிரி இரண்டு கையாலும் நெஞ்சைப் பொத்திக்கொண்டாள்.

டாக்டர் படங்களை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். எலும்பு வரைக்கும் போய்விட்டது, இனி கத்தி வைத்துப் பிரயோஜனமில்லை, வலி தெரியாமல் பார்த்துக்கொள்ளலாம் என்றார். தெரிந்தவர் என்கிற உரிமையில் அம்மாவைக் கடிந்தும் கொண்டார். "வீட்டுக்குள்ளயே நர்ஸை வச்சுக்கிட்டு இத்தனை மாசமா ஏம்மா சொல்லலை?"

அம்மா மகளைப் பார்க்கவே இல்லை. "யாருகிட்டயும் சொல்லலைங்க டாக்டர். வெட்கமா இருந்துச்சு. இவளுக்கு ஒண்ணுமே தெரியாதுங்க" என்றாள். சட்டையில் ஒரு பொத்தான் மாறியிருந்தாலும் மேஸ்திரியிடம் தானே போய் ஒப்புக்கொள்கிறவள் என்று கம்பெனியில் பெயரெடுத்த அம்மா, கண்ணைக்கூடச் சிமிட்டாமல் சொன்னாள்.

அந்தப் பொய் இரண்டு நாளில் ஆஸ்பத்திரி முழுக்க உண்மையாகிவிட்டது. "அழுதா துக்கம், சொன்னா வெட்கம்னு இருந்துட்டாங்க. நீ என்ன பண்ணுவே?" என்று தலைமை நர்ஸ் முதுகைத் தடவினாள். குட்டை சிஸ்டர் கட்டிக்கொண்டு அழுதாள். எல்லாருக்கும் தலையாட்டினாள் மகள். வாய் வரை வந்துவிடும், அம்மா என்னிடம் சொன்னாள், இரண்டு தடவை சொன்னாள் என்று. வெளியே வராது. இன்னும் எத்தனை வாரம் என்று டாக்டரும் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை. அம்மாவுக்கு நினைவு இருக்கும்போதே இதைப் பேசிவிட வேண்டும். ஊசியின் அளவு கூடிக்கொண்டே போகிறது; போகப்போக அம்மா தூங்கும் நேரம்தான் அதிகமாகும் என்று அவளுக்குத் தெரியாதா?

இன்று காலை ரவுண்ட்ஸில் மாணவர்கள் எட்டுப் பேர் அம்மாவின் கட்டிலைச் சுற்றி நின்றார்கள். ஆஸ்பத்திரிச் சட்டையின் முன்பக்கக் கயிறு அவிழ்ந்திருந்தது. தூங்கும்போதுகூட உள்ளே போடாமல் படுக்காத அம்மா, போர்வையை மோவாய் வரைக்கும் இழுத்து இழுத்துப் பிடித்துக்கொண்டிருந்தாள். அதைப் பார்த்த பிறகுதான் மகள் அனுமதி கேட்டுக் கடைக்கு வந்தது. கடைசியில் முப்பத்தாறையே வாங்கினாள். இடது பக்கத்தை அங்கேயே ஓரமாக நின்று, ஒரு கத்திரிக்கோலை இரவல் வாங்கிப் பிரித்துவிட்டாள். கடைப்பெண் புதுத் துணியாயிற்றே என்று பதறினாள்.

பெண்கள் வார்டில் மத்தியானத் தூக்கம். பக்கத்துக் கட்டில் பெண் மட்டும் விழித்துக்கொண்டு போனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மகள் திரையை இழுத்துவிட்டாள்.

"என்னடி இந்த நேரத்துல? டூட்டி இல்லையா?" என்று அம்மா கண்ணைத் திறந்தாள்.

"உனக்குப் பாடி வாங்கிட்டு வந்திருக்கேன்மா."

அம்மா திடுக்கிட்டுத் திரையைப் பார்த்தாள். "ஷ்ஷ்! மெதுவாடி. நாலு பேர் இருக்காங்க. இது நீ வேலை பார்க்கிற இடம், அப்புறம் உன்னைத்தான் கேலி பண்ணுவாங்க." பிறகு மகளைக் கிட்டே வரச்சொல்லி, உதட்டைக் குவித்து, மிகவும் கவனமாக, "பிரா" என்றாள். "சரியா வருதா? பக்கத்துக் கட்டில் பொண்ணுகிட்டக் கேட்டுக் கத்துக்கிட்டேன். நேத்து பூரா சொல்லிப் பார்த்தேன்."

மகள் கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டாள். "அம்மா, நீ சொன்னே. ரெண்டு தடவை சொன்னே. டாக்டர்கிட்ட ஏம்மா பொய் சொன்னே?"

"நான் எங்கடி சொன்னேன்? துணி இறுக்குதுன்னுதானே சொன்னேன்."

"நான்தானே உன் வாயை மூட வச்சேன்!"

"கத்தாதே. உள்ளதைச் சொல்லியிருந்தா அத்தனை பேர் முன்னாடி உன்னைத் திட்டியிருப்பாரு. நீ இங்கதானே இன்னும் இருபது வருஷம் வேலை பார்க்கணும். எனக்கென்ன?" என்று சொல்லிவிட்டு அம்மா கையை நீட்டிப் புதுத் துணியை வாங்கினாள். விரலால் தையலை நீவினாள். கொக்கியை மாட்டிக் கழற்றிப் பார்த்தாள். பிரித்துவிட்டிருந்த இடது பக்கத்துக்கு வந்ததும் விரல் நின்றது. அங்கே தொங்கிய நூல்களை ஒவ்வொன்றாக ஒதுக்கிவிட்டாள். "இப்படியா பிய்ப்பாங்க. ஓரம் மடிச்சு அடிச்சிருக்கலாம்" என்றாள்.

மகளுக்கு அழுகையில் முகம் கோணியது. சத்தம் வராமல் இருக்கச் சால்வையின் முனையைக் கடித்துக்கொண்டாள்.

"போட்டுவிடுறியா? டாக்டருங்க சாயங்காலமும் வருவாங்க" என்றாள் அம்மா.

முதுகுக்குக் கை கொடுத்துத் தூக்கி உட்கார வைத்தாள். எலும்பெல்லாம் கையில் தட்டுப்பட்டது. ஆஸ்பத்திரிச் சட்டையைத் தோளிலிருந்து இறக்கி, கட்டு நகராமல் துணியை முதுகுப்பக்கமாகச் சுற்றிக் கொண்டுவந்தாள். வலது கை தானாகவே நீண்டு பட்டிக்குள் நுழைந்துவிட்டது. வீங்கிப்போன இடது கை மெத்தையிலிருந்து கிளம்பி, இடுப்பு உயரம் வரை வந்து, அங்கேயே நின்றுவிட்டது. "இரு, வருது" என்றாள் அம்மா. மகள் இடது பட்டியை இரண்டு கைவிரல்களாலும் அகல விரித்துப் பிடித்துக்கொண்டு, அந்தக் கை நின்ற இடத்துக்குக் குனிந்தாள்.